போர்நிறுத்த காலத்து டேப்புகளும் பீச் ரோட்டுக் கடையும்

பழைய வீடியோ கேசட்டுகளைக் கணினிக்கு மாற்றித் தரும் கடை தேடுகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். சிங்கப்பூர் பீச் ரோட்டில் ஒரு பழைய கடைத்தொகுதியின் மூன்றாம் மாடியில் இருக்கிறது. முதலாளி ஒரு சீன அங்கிள். வேலையைச் செய்கிறவர் ஒரு தமிழ்த் தம்பி. அவ்வளவுதான் ஆட்கள். வருகிற வேலையே கைக்கு மேல் இருக்கிறது, கடைப் பெயரைப் போட வேண்டாம் என்று அங்கிள் கேட்டுக்கொண்டதால் பெயரை எழுதவில்லை. அந்த மாடியில் இந்த வேலை செய்கிற கடை அது ஒன்றுதான்.

எப்படிப்பட்ட கடை என்று கேட்டால், இன்னொரு பெட்டி டேப் இருந்தாலும் அங்கேதான் கொடுப்பேன். அதற்கான காரணத்தைச் சொல்ல வேண்டுமென்றால் டேப்பில் என்ன இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

நாங்கள் யாழ்ப்பாணத்து வழி. தாத்தா மலாயா ரயில்வேயில் குமாஸ்தாவாக வந்தவர். அப்பா இங்கே பிறந்தார். பெரியப்பா படிக்க ஊருக்குப் போய் அங்கேயே வாத்தியாராகித் தங்கிவிட்டார். 1983 கலவரத்துக்குப் பிறகு எங்கள் வீட்டில் யாரும் ஊருக்குப் போகவில்லை. 2002 பிப்ரவரி 22 அன்று இலங்கை அரசும் விடுதலைப் புலிகளும் போர்நிறுத்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். ஒரு பக்கம் அப்போதைய பிரதமர் ரணில் விக்கிரமசிங்க, மறுபக்கம் பிரபாகரன், நடுவில் நார்வே. அந்த ஏப்ரலில் யாழ்ப்பாணத்துக்குப் போகும் ஏ9 வீதி திறந்தது. மறு வருடம் ஆகஸ்டில், நல்லூர்த் திருவிழாக் காலத்தில், அம்மாவையும் கூட்டிக்கொண்டு நானும் அண்ணனும் போனோம். அண்ணன் புதிதாக வாங்கிய மினி-டிவி (சின்ன டிஜிட்டல் வீடியோ கேசட்) காமெராவைக் கையில் வைத்துக்கொண்டு கண்ணில் பட்டதையெல்லாம் எடுத்தார். அந்தக் கேசட்டுகள்தான் ஒரு பிஸ்கட் டின்னில் அலமாரி மேல் கிடந்தன.

சில வருடங்களுக்கு முன்பு வேறொரு இடத்தில் இவற்றைக் கொடுத்திருந்தேன். எந்த இடம் என்று சொல்ல விரும்பவில்லை. ஒரு யுஎஸ்பியில் 1, 2, 3 என்று பெயரிட்ட எம்பி4 ஃபைல்கள் வந்தன. படம் ஓடியது, சில இடங்களில் கட்டம் கட்டமாக உடைந்தது, எனக்கு மிக வேண்டிய ஓர் இடத்தில் சத்தமே இல்லை. டேப் பழசு, அவ்வளவுதான் வரும் என்றார்கள். நானும் நம்பிவிட்டேன்.

பீச் ரோட்டுக் கடையில் முதலில் நடந்ததே வேறு. தம்பி ஒவ்வொரு கேசட்டின் மூடியையும் விரலால் தூக்கி, சின்ன டார்ச் அடித்துப் பக்கவாட்டில் பார்த்தார். மினி-டிவி டேப்பின் அகலம் 6.35 மில்லிமீட்டர்தான், விஎச்எஸ் டேப்பில் பாதி. சுற்றின் ஓரத்தில் வெள்ளைப் பொடி போலப் படிந்திருந்தால் பூஞ்சை. நம் ஊர் ஈரக்காற்றில் அலமாரிக்குள் வைத்த டேப்புக்கு அது வராமல் இருந்தால்தான் ஆச்சரியம். பூஞ்சையோடு ஓட்டினால் அது மெஷினின் ஹெட்டில் ஒட்டிக்கொண்டு அடுத்த டேப்பையும் கெடுக்கும். என்னுடையவற்றில் ஒன்றில் மட்டும் இருந்தது. அதைத் தனியே எடுத்து வைத்து, "இதுக்கு வேற மெஷின் அக்கா, அத மத்ததோட சேர்க்க மாட்டோம்" என்றார்.

அடுத்து ஒரு கேள்வி கேட்டார். இந்த ஊரில் இதே தொழில் செய்கிற எல்லாரும் கேட்க வேண்டிய கேள்வி அது. "எம்பி4 மட்டும் போதுமா, டேப்ல இருக்கிற மாதிரியே மூல ஃபைலும் வேணுமா?"

வித்தியாசம் என்ன என்று கேட்டேன். காமெரா படம் பிடிக்கும்போது ஒவ்வொரு ஃப்ரேமோடும் தேதியையும் நேரத்தையும் டேப்பில் எழுதிவைக்கும். அது திரையில் தெரியாது, பட்டனை அழுத்தினால்தான் வரும். ஃபயர்வயர் கேபிள் போட்டு மூல ஃபைலாக எடுத்தால் அந்தத் தேதியும் நேரமும் கூடவே வந்துவிடும். ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய 13 ஜிபி பிடிக்கும். இடத்தை மிச்சப்படுத்த எம்பி4 ஆக மட்டும் சுருக்கினால் பெரும்பாலும் அது போய்விடும். என் முதல் யுஎஸ்பியில் தேதி இல்லாமல் போனது இப்படித்தான்.

மூல ஃபைலும் வேண்டும் என்றேன்.

திரும்பக் கிடைத்த ஹார்டு டிஸ்க்கை வீட்டில் போட்டுப் பார்த்த அன்று இரவு நான் தூங்கவில்லை. படம் நன்றாக இருந்தது என்பது இருக்கட்டும். அந்தத் தேதிகளும் நேரங்களும் சொன்ன சங்கதிகள்தான் என்னை உட்கார வைத்தன.

அண்ணனின் காமெரா சிங்கப்பூர் நேரத்தில் ஓடியது. இராணுவச் சாவடி இருந்த ஓமந்தைக்கு முன்னால் வேனுக்குள்ளிருந்து எடுத்த கடைசிக் காட்சியில் 12:10. அடுத்த காட்சியில், புலிகள் பகுதியான வன்னிக்குள், 13:52. இடையில் ஒன்றுமில்லை. சாவடிகளில் காமெராவை வெளியே எடுக்கக் கூடாது என்று டிரைவர் சொல்லியிருந்தார். முதலில் இராணுவச் சாவடி, பைகளைத் திறந்து காட்டி, பெயரைச் சொல்லி, இறங்கி நடந்து. பிறகு இரு பக்கத்துக்கும் சொந்தமில்லாத ஒரு துண்டு ரோடு, அங்கே செஞ்சிலுவைச் சங்கத்துக் கொடி. அதைத் தாண்டிப் புலிகளின் சாவடி, அங்கே மறுபடி படிவம், மறுபடி பை, சாமான்களுக்கு வரி. மறந்தே போயிருந்தேன். காட்சியே இல்லாத அந்த ஒன்றேமுக்கால் மணி நேரத்தைப் பார்த்ததும் அம்மா வெயிலில் குடை பிடித்து நின்றது வரைக்கும் ஞாபகம் வந்தது.

நேரத்தில் இன்னொன்றும் இருக்கிறது. 1996இல் இலங்கை அரசு கடிகாரத்தை முன்னே தள்ளி வைத்தது. புலிகள் அதை ஏற்கவில்லை, தங்கள் பகுதியில் பழைய நேரத்தையே வைத்துக்கொண்டார்கள். 2003இல் எங்கள் காமெரா 12:10 காட்டியபோது இராணுவச் சாவடியில் மணி 10:10. அந்தத் துண்டு ரோட்டைக் கடந்தால் மணி அரை மணி நேரம் பின்னே போய்விடும். ஒரே நாட்டுக்குள் ஒரே வீதியில் இரண்டு நேரம். முகமாலையில் மறுபடி அரசுப் பகுதிக்குள் நுழையும்போது அரை மணி நேரம் முன்னே. பயணத்தில் டிரைவர் தன் கைக்கடிகாரத்தைத் திருகுவதை அண்ணன் படம் பிடித்திருக்கிறார். முன்பு பார்த்தபோது அது ஏன் என்று புரியாமல் தள்ளிவிட்ட காட்சி.

ஆனையிறவுப் பக்கம் தலை இல்லாத பனைகள் வரிசையாக வருகின்றன. கண்ணிவெடி என்று மண்டையோடு போட்ட சிவப்புப் பலகைகள். பிறகு யாழ்ப்பாணம், நல்லூர்க் கூட்டம், ஐஸ்கிரீம், எங்கள் அம்மா தன் பள்ளிக்கூடத் தோழியைக் கட்டிக்கொண்டு அழுவது. இவையெல்லாம் எல்லா வீட்டு டேப்பிலும் இருக்கும், நீட்டவில்லை.

எனக்கு வேண்டியிருந்த இடம், பழைய யுஎஸ்பியில் சத்தமில்லாமல் போன இடம், யாழ்ப்பாணத்தில் போர்நிறுத்தக் கண்காணிப்புக் குழுவின் அலுவலகத்துக்கு வெளியே எடுத்தது. வெள்ளை வண்டி நிற்கிறது, கதவில் பெரிதாக எஸ்எல்எம்எம் என்ற எழுத்து. இந்தக் காட்சியை மாற்றிக்கொண்டிருந்தபோது தம்பி எனக்கு வாட்ஸ்அப்பில் கேட்டிருந்தார்: "அக்கா, இவங்க ஐநா படையா?" அவருக்கு வயது இருபத்தைந்து இருக்கும். இங்கே பிறந்து வளர்ந்த பிள்ளை, தெரிந்திருக்க நியாயமில்லை. கேட்டதே எனக்குச் சந்தோஷம். டிஸ்க் வாங்கப் போனபோது அவரிடம் சொன்னதைத்தான் இங்கேயும் சொல்கிறேன்.

ஐநாவும் இல்லை, படையும் இல்லை. எஸ்எல்எம்எம் என்ற இலங்கைக் கண்காணிப்புக் குழு என்பது நார்வே, சுவீடன், டென்மார்க், பின்லாந்து, ஐஸ்லாந்து என்ற ஐந்து நாட்டு ஆட்கள் ஏறக்குறைய அறுபது பேர். கையில் ஆயுதம் கிடையாது. தலைமையகம் கொழும்பில், யாழ்ப்பாணம், மன்னார், வவுனியா, திருகோணமலை, மட்டக்களப்பு, அம்பாறை ஆகிய இடங்களில் அலுவலகம், புலிகள் பகுதியான கிளிநொச்சியில் ஒரு தொடர்பு அலுவலகம். மாவட்டக் குழுக்களில் அரசு நியமித்த இருவர், புலிகள் நியமித்த இருவர், கண்காணிப்பாளர் ஒருவர் உட்காருவார்கள். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறதோ அதை மீறியது யார் என்று புகார் வாங்கி, விசாரித்து, எழுதிவைப்பது வேலை. இரு தரப்பு முன்னரங்குக்கும் நடுவே குறைந்தது 600 மீட்டர் இடைவெளி வேண்டும். ஆயுதம் ஏந்தியவர்கள் பிடித்து வைத்திருந்த கோயில், சர்ச், மசூதிகளை 30 நாளில் விட வேண்டும். பள்ளிக்கூடங்களை 160 நாளில். விலகுவதென்றால் 14 நாள் முன்னறிவிப்பு. ஒப்பந்தத்துக்கு அர்த்தம் சொல்வதில் குழுத்தலைவர் சொல்வதே முடிவு. ஆனால் அந்த முடிவுக்கு யாராவது கீழ்ப்படியாவிட்டால் என்ன செய்வது என்பதற்கு ஒப்பந்தத்தில் ஒரு வரியும் இல்லை.

பெரியப்பாவின் வீடு தெல்லிப்பழையில். 1990இல் அந்த வட்டாரமான வலிகாமம் வடக்கிலிருந்து எல்லாரும் ஓடியபோது ஓடியவர், கொக்குவிலில் வாடகைக்கு இருந்தார். வீடு, இராணுவம் பிடித்து வைத்திருந்த உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் மாட்டிக்கொண்டது. நாங்கள் போயிருந்தபோது உறுதிப் பத்திரத்தின் நகலை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக்கொண்டு கண்காணிப்புக் குழுவிடம் புகார் கொடுக்கப் போனார். காமெராவை உள்ளே விடவில்லை. வெளியே வருகிறார், நான் ஓடிப்போய்க் கேட்கிறேன், அண்ணன் தள்ளி நின்று எடுக்கிறார். காற்று இரைகிறது, நடுவில் ஒரு சைக்கிள் மணி. இப்போது ஒவ்வொரு வார்த்தையும் கேட்கிறது.

"எழுதி எடுத்திருக்கினம் பிள்ளை. திகதி போட்டு, நம்பரும் போட்டுத் தந்திருக்கினம்."

"வீட்டைத் தருவினமாமோ பெரியப்பா?"

"அது தங்கட கையில இல்லையெண்டு சொல்லிப்போட்டினம். பதின்மூண்டு வருசத்தில என்ரை வீட்டைப் பற்றி ஒருத்தர் இருந்து கேட்டு எழுதினது இதுதான் முதல் தரம்."

நான் ஏதோ சொல்ல வாயெடுக்கிறேன், அவர் அந்தத் துண்டுக் காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்து, பையைத் தட்டிப் பார்த்துக்கொள்கிறார். காட்சி முடிகிறது.

முன்பு இந்தச் சத்தம் ஏன் வரவில்லை என்று தம்பி விளக்கினார். டேப்பை மிச்சம் பிடிக்க அண்ணன் எல்பி வேகத்தில் எடுத்திருக்கிறார், அறுபது நிமிட டேப்பில் தொண்ணூறு நிமிடம். அப்படி எடுத்ததைப் பிடித்த காமெரா நன்றாகப் படிக்கும், வேறு மெஷின் திணறும். கடையில் பழைய காமெராக்களும் டெக்குகளும் ஒரு அலமாரி நிறைய இருக்கின்றன. ஒன்று மாற்றி ஒன்றாகப் போட்டு, ஹெட்டைத் துடைத்துத் துடைத்து ஓட்டி, ஒரு மெஷினில் படம் நன்றாக வந்த துண்டையும் இன்னொன்றில் சத்தம் நன்றாக வந்த துண்டையும் சேர்த்திருக்கிறார். சேர்த்த இடங்களை ஒரு தாளில் நேரத்தோடு எழுதியும் கொடுத்தார். ஒட்டியதை ஒட்டியது என்று எழுதிக் கொடுக்கிற அந்த நேர்மைக்காகவே நான் இந்தக் கடைக்கு முழு மதிப்பெண் கொடுப்பேன்.

அந்தக் கண்காணிப்பாளர்கள் வந்தார்கள், சாப்பிட்டார்கள், போனார்கள் என்று நம்மவர்களில் பலர் சொல்லிக் கேட்டிருக்கிறேன். எனக்கு அதில் கொஞ்சமும் உடன்பாடில்லை. 2002க்கும் 2005க்கும் நடுவே அம்மாவால் தன் ஊர் மண்ணை மிதிக்க முடிந்தது, நல்லூருக்குத் தென்னிலங்கைச் சனமும் வந்து நின்றது, பேருந்து ஓடியது, விமானக் குண்டுச் சத்தம் இல்லை. சாவடிக்குச் சாவடி யாரோ ஒருவர் குறிப்புப் புத்தகத்தோடு வந்து கேட்பார் என்ற எண்ணம் இரு பக்கத்துத் துப்பாக்கிக்காரர்களையும் கொஞ்ச காலம் கட்டி வைத்தது. அதை நான் என் கண்ணால் பார்த்தேன், இப்போது தேதியோடு டிஸ்க்கிலும் இருக்கிறது.

ஆனால் எழுதிவைத்ததில் என்ன இருந்தது என்பதையும் நாம் மறைக்கக் கூடாது. 2007 ஏப்ரல் வரை குழு உறுதி செய்த மீறல்களில் புலிகள் பக்கம் 3,830, அரசுப் பக்கம் 351. புலிகள் பக்கத்துக் கணக்கில் பெரும்பங்கு பிள்ளைகளைப் படைக்குப் பிடித்துப்போனது. தமிழர்களாகிய நாம் இந்த எண்ணைச் சொல்லக் கூச்சப்படுகிறோம். அந்தப் பிள்ளைகளும் நம் பிள்ளைகள்தான், அவர்களின் தாய்மார்தான் அந்த அலுவலகங்களுக்கு வெளியே வரிசையில் நின்றார்கள். அதேபோல 2006 ஆகஸ்டில் மூதூரில் ஒரு பிரெஞ்சு உதவி நிறுவனத்தின் உள்ளூர்ப் பணியாளர்கள் 17 பேர் கொல்லப்பட்டபோது, அது அரசுப் படையினரின் செயல் என்று எழுதியதும் இதே குழுதான். இரண்டு பக்கமும் அவர்களைத் திட்டியது. அவர்கள் வேலையைச் செய்தார்கள் என்பதற்கு எனக்கு அதுவே சாட்சி.

கோளாறு அவர்களை அனுப்பி வைத்த ஏற்பாட்டில் இருந்தது. பேச்சுவார்த்தைக்கு நடுவர் நார்வே, கண்காணிப்புக் குழுவின் தலைவரை நியமிப்பதும் நார்வே. மேசைக்கு யாரும் கோபித்துக்கொண்டு வராமல் போய்விடக் கூடாதே என்கிற கவலை உள்ள நாடு, குற்றத்தையும் கண்டிப்போடு சொல்ல வேண்டும் என்றால் எப்படி முடியும்? 2003 ஏப்ரலிலேயே புலிகள் பேச்சை நிறுத்திவிட்டார்கள். 2006 மே மாதம் ஒரு கண்காணிப்பாளர் ஏறியிருந்த துருப்புக் கப்பல் போன கடற்படைத் தொடரணியையே புலிகளின் கடற்பிரிவான கடற்புலிகள் தாக்கினார்கள். அதே மாதம் ஐரோப்பிய ஒன்றியம் புலிகளைப் பயங்கரவாதப் பட்டியலில் சேர்க்க, ஒன்றிய நாட்டு ஆட்கள் வேண்டாம் என்று புலிகள் சொல்ல, சுவீடன், டென்மார்க், பின்லாந்துக்காரர்கள் செப்டம்பருக்குள் கிளம்பிவிட்டார்கள். நார்வேயும் ஐஸ்லாந்தும்தான் மிச்சம். ஆகஸ்டில் புலிகள் மூடியிருந்த மாவிலாற்று மதகைத் திறக்கக் குழுத்தலைவரே போனபோது பக்கத்தில் எறிகணை விழுந்தது. அதே ஆகஸ்ட் 11ஆம் தேதி ஏ9 மூடப்பட்டது. 2008 ஜனவரி 2ஆம் தேதி அரசு விலகல் அறிவிப்புக் கொடுத்தது, சொன்னபடி 14 நாள் கழித்து, 16ஆம் தேதி, எல்லாம் முடிந்தது.

இதே காலத்தில் நம் சிங்கப்பூர் ஒரு கண்காணிப்புக் குழுவில் இருந்தது என்று சொன்னபோது தம்பிக்கு நம்ப முடியவில்லை. இந்தோனேசியாவின் அச்சேயில். இங்கிருந்து விமானத்தில் கொஞ்ச நேரம்தான். அங்கேயும் அரசுக்கும் அச்சே விடுதலை இயக்கத்துக்கும் பல வருடப் போர், அங்கேயும் சுனாமி. 2002 டிசம்பரில் ஜெனீவாவில் கையெழுத்தான ஒரு போர்நிறுத்தம் வெளிநாட்டுக் கண்காணிப்பாளர்கள் இருந்தும் 2003 மே மாதத்தில் உடைந்து இராணுவச் சட்டம் வந்தது. ஆனால் 2005 ஆகஸ்ட் 15 அன்று ஹெல்சிங்கியில் பின்லாந்தின் முன்னாள் அதிபர் மார்ட்டி அஹ்திசாரி முன்னின்று செய்த உடன்படிக்கை நின்றது. ஐரோப்பிய ஒன்றியத்தோடு சிங்கப்பூர், மலேசியா, தாய்லாந்து, பிலிப்பைன்ஸ், புருணை ஆட்களும் சேர்ந்து போனார்கள். அவர்கள் கையிலும் துப்பாக்கி இல்லை. ஆனால் போவதற்கு முன்பே அரசியல் தீர்வு எழுதியாகிவிட்டது. எத்தனை ஆயுதம் ஒப்படைக்க வேண்டும் என்பதும் எழுதியிருந்தது, 840. அந்த 840உம் டிசம்பருக்குள் வெட்டி அழிக்கப்பட்டன, வெளியூர்ப் படைகளும் போலீசும் கிளம்பின. தகராறில் குழுத்தலைவரின் முடிவு இரு தரப்பையும் கட்டுப்படுத்தும் என்றும் எழுதியிருந்தது. 2006 டிசம்பர் 11 தேர்தல், 15ஆம் தேதி குழு வீடு திரும்பியது.

இலங்கையில் நிறுத்தம் மட்டும் எழுதப்பட்டது. தீர்வு எழுதப்படவேயில்லை. தீர்வில்லாத இடத்தில் ஆறு வருடம் காவல் காக்கச் சொன்னால் எந்த நாட்டு ஆளாலும் முடியாது. எனக்கு இதில் இன்னமும் ஆத்திரம் இருக்கிறது, எழுதும்போதும் வருகிறது. ஏ9 மூடியிருந்த 2007இல் பெரியப்பா காலமானார், நாங்கள் யாரும் போக முடியவில்லை. 2009 மே மாதம் போர் முடிந்த பிறகும் வலிகாமம் வடக்கு நிலத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் விட்டார்கள்.

கடைக்கு வருகிறேன். என்னைப் போன்றவர்களுக்கு விலையைவிட, படத்தைவிட முக்கியமான ஒன்று உண்டு. கிளிநொச்சியில் ஒரு தேத்தண்ணிக் கடையில் அண்ணன் எடுத்த காட்சியில் இளம் பிள்ளைகளின் முகங்கள் இருக்கின்றன. சீருடையில் சிலர், சாதாரண உடுப்பில் சிலர், காமெராவைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். அவர்களில் யார் இருக்கிறார்கள், யார் இல்லை, இருக்கிறவர்கள் எங்கே என்ன பெயரில் வாழ்கிறார்கள், இந்தப் படம் வெளியே போனால் அவர்களுக்கு என்ன ஆகும், இதையெல்லாம் யோசிக்காமல் டேப்பைக் கொடுக்கக் கூடாது. நான் கேட்டேன். மாற்றுகிற கணினிக்கு இணைய இணைப்பு இல்லை என்று அங்கிள் காட்டினார். வாடிக்கையாளர் பார்த்துச் சரி என்று சொன்ன பிறகு கடையில் இருக்கிற பிரதியை அழிக்கிறார்கள். என் கண் முன்னால் அழிக்கச் சொன்னேன், முகம் கோணாமல் செய்தார்கள். கடையின் விளம்பர வீடியோவுக்காக என் டேப்பிலிருந்து எதையும் எடுக்கக் கூடாது என்று ரசீதிலேயே எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டேன். நீங்களும் வாங்கிக்கொள்ளுங்கள்.

விலை: ஒரு மினி-டிவி டேப்புக்கு எம்பி4 மட்டும் என்றால் 22 வெள்ளி, மூல ஃபைலும் சேர்த்து 30. பூஞ்சை சுத்தம் செய்ய டேப்புக்கு 15 வெள்ளி தனி. ஹார்டு டிஸ்க் நாமே கொண்டுபோகலாம். மலிவான கடை என்று சொல்ல மாட்டேன். மற்ற இடங்களில் இதைவிடக் குறைவாகக் கேட்கிறார்கள், ஆனால் அங்கே மூல ஃபைல் என்றால் என்ன என்று நம்மைத் திருப்பிக் கேட்கிறார்கள்.

குறைகளும் உண்டு. சொன்ன தேதிக்கு வேலை முடியவில்லை, நன்றாகவே தள்ளிப்போனது, நான் கேட்கும்வரை தகவலும் சொல்லவில்லை. வயதானவர்களுக்கு அந்தக் கட்டடம் சிரமம், எஸ்கலேட்டர் இரண்டாம் மாடியோடு சரி, லிஃப்ட் பின்பக்கம் ஒளிந்திருக்கிறது. கேசட்டின் மேல் அண்ணன் ஆங்கிலத்தில் எழுதியிருந்த ஊர்ப் பெயர்களை அப்படியே ஃபைலுக்குப் பெயராக வைத்ததில் வவுனியாவும் வன்னியும் இடம் மாறிவிட்டன. நல்லவேளை, தேதி இருந்ததால் நானே வரிசைப்படுத்திவிட்டேன். கொடுக்கும்போதே இது எந்த ஊர், எந்த வருடம் என்று ஒரு தாளில் தெளிவாக எழுதிக் கொடுத்துவிடுங்கள். தம்பி தமிழ் நன்றாகவே வாசிக்கிறார், தமிழிலேயே எழுதலாம்.

சிலோன் ரோடு பிள்ளையார் கோவிலில் பார்க்கிற நம்மவர்கள் பலர் வீட்டில் இதே மாதிரி டின் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். 2002இலிருந்து 2006க்குள் போய் வந்தவர்கள் எல்லாரும் காமெராவோடுதான் போனோம். மினி-டிவி மெஷின்களை இப்போது யாரும் தயாரிப்பதில்லை, உதிரிபாகத்துக்கு அங்கிள் பழைய காமெராக்களை வாங்கி உடைக்கிறார். தள்ளிப்போடாமல் கொடுத்துவிடுங்கள். எடுத்த காமெரா வீட்டில் கிடந்தால், வேலை செய்யாவிட்டாலும் டேப்போடு சேர்த்தே கொண்டுபோங்கள். அதைச் சரிசெய்து ஓட்டிப் பார்த்தால் எல்பி டேப் எல்லாவற்றையும்விட நன்றாக வரும் என்கிறார் தம்பி. பேட்டரியை மட்டும் முன்பே கழற்றிவிடுங்கள், சில வீங்கியிருக்கும். காலை பதினொரு மணிக்குத் திறக்கிறார்கள், ஞாயிறு விடுமுறை, ரொக்கமும் பேநவ்வும் வாங்குகிறார்கள், கார்டு இல்லை.